உன் அம்மை எழுதி வைத்த தாள்

மக்ளே,

செவ்வாய்க்கிழமை நீ தோஹாவிலிருந்து கூப்பிட்டு, "எனக்க அம்மைக்கு ஷாக் குடுக்க நான் சம்மதிக்க மாட்டேன், மனுசன் செய்யுத காரியமா அது?" என்று கத்தினாய். நான் வாயைத் திறப்பதற்குள் போனை வைத்துவிட்டாய். புதன்கிழமை நீயே மறுபடி கூப்பிட்டு, அழுதுகொண்டே, "அப்பா, எனக்கு ஒண்ணும் ஓடல்ல, நீங்களே பாத்து ஒரு ஒப்பு போட்டுருங்க" என்றாய். ஒரு நாள் இடைவெளியில் இரண்டு தீர்ப்பு. உன்னைக் குறை சொல்லவில்லை. அந்த இரண்டு நாளும் நானும் இப்படித்தான் வார்டுக்கும் வராந்தாவுக்கும் நடந்துகொண்டிருந்தேன். வியாழக்கிழமை ஒரு தாள் கையில் கிடைத்தது. அதைப் படித்த பிறகு, செவ்வாய் நீ சொன்னதும் செல்லாது, புதன் நீ சொன்னதும் செல்லாது என்று தெரிந்துகொண்டேன். போனில் சொன்னால் பாதியில் நீ அழுவாய், இல்லாவிட்டால் நான் அழுவேன். அதனால் எழுதுகிறேன். ஆஸ்பத்திரிக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை இருக்கிறது. பக்கம் பக்கமாகப் படம் எடுத்து உன் வாட்ஸ்அப்புக்கு அனுப்பச் சொல்லப்போகிறேன். எழுத்து கோணல்மாணலாக இருந்தால் பொறுத்துக்கொள். முப்பத்தைந்து வருடம் கரண்ட் போஸ்டில் ஏறி லைன் பார்த்த கை.

முதலில் உன் அம்மை எப்படி இருக்கிறாள் என்று சொல்லிவிடுகிறேன். ஓணம் கழிந்ததிலிருந்து அவள் தையல் மெஷின் பக்கம் போகவில்லை என்பது உனக்குத் தெரியும். பிறகு பேச்சு குறைந்தது, பிறகு சாப்பாடு. மாத்திரையை மூன்று முறை மாற்றிப் பார்த்தார்கள். பதினோரு நாள் அவள் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. நேற்று நடந்ததைக் கடைசியில் சொல்கிறேன். கஞ்சித்தண்ணி ஸ்பூனில் கொடுத்தால் இரண்டு இறங்கும், மூன்றாவது உதட்டோரம் வழியும். இப்படியே போனால் உயிருக்கு ஆபத்து என்றும், தலைக்குக் கரண்ட் கொடுக்கும் சிகிச்சையை யோசிக்கலாம் என்றும் டாக்டர் சொன்னார். உன் வயதுப் பெண்தான். ஆளை அமுக்கிப் பிடித்து ஷாக் கொடுக்கிறார்கள் என்று நீ போனில் சொன்ன வீடியோவைப் பற்றி அவரிடம் சொன்னேன். "அந்த வீடியோ பொய் இல்ல சார், அப்படியும் நடந்திருக்கு" என்றார். எனக்கு அவரை அப்போதே பிடித்துப்போனது. ஏனென்றால் அப்படி நடந்தபோது கதவுக்கு வெளியே நின்றவன் நான்.

ஆமாம் மக்ளே, இது முதல் தடவை இல்லை. நீ கைக்குழந்தையாக இருந்தபோது உன் அம்மைக்கு டைபாய்டு வந்து, மாநில எல்லைக்கு அந்தப் பக்கம் ஒரு ஆஸ்பத்திரியில் கிடந்தாள் என்று சொல்லி உன்னை வளர்த்தோம். டைபாய்டும் இல்லை, மலேரியாவும் இல்லை. நீ பிறந்த பிறகு அவள் மனசு இருண்டுபோனது. உன்னைப் பார்க்கமாட்டாள், பால் கொடுக்கமாட்டாள், கடைசியில் தண்ணீரும் குடிக்கமாட்டாள். சபையில் என்ன பேசுவார்கள், ஆபீசில் என்ன பேசுவார்கள் என்று பயந்து நான்தான் டைபாய்டு என்று கிளப்பிவிட்டேன். ஜெபக்கூட்டத்தார் வீட்டுக்கு வந்து, டைபாய்டு காய்ச்சல் இறங்க வேண்டும் என்று உருகி உருகி ஜெபித்தார்கள். நானும் கண்ணை மூடி ஆமென் சொன்னேன். கர்த்தருக்கு அன்று குழப்பமாக இருந்திருக்கும்.

அந்த ஆஸ்பத்திரியில் பெரிய டாக்டர் ஒருவர் கரண்ட் வைத்தால்தான் பிழைப்பாள் என்றார். எனக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு, எதையும் கழற்றிப் பார்க்காமல் விடமாட்டேன். அது உனக்கும் ஒட்டியிருக்கிறது. ஆறாம் வகுப்பில் நீ மிக்ஸியைக் கழற்றிப் போட்டுவிட்டுப் பூட்டத் தெரியாமல் விழித்தது எனக்கு மறக்கவில்லை. நான் டாக்டரிடம் எத்தனை வோல்ட், எத்தனை நொடி, எர்த் உண்டா என்று கேட்டேன். அவர் சிரித்துவிட்டு அறைக்குள் கூட்டிப்போய்க் காட்டினார். ரேடியோவைவிடச் சின்னப் பெட்டி, ஒரு திருகு, ஒரு பட்டன், நெற்றிப்பொட்டில் வைக்க இரண்டு பிடி. வீட்டில் வரும் கரண்டைவிடக் குறைவு, கண் சிமிட்டும் நேரம்தான் என்றார். எனக்குத் திருப்தியாகிவிட்டது. கரண்ட் விஷயத்தில் இந்த ஆஸ்பத்திரியிலேயே எனக்குத்தான் அதிகம் தெரியும் என்று கொஞ்சம் கர்வம்கூட வந்தது. வெளியே வந்து கையெழுத்துப் போட்டேன். பெட்டியைப் பற்றி அத்தனை கேள்வி கேட்டவன், அது யார் தலையில் வைக்கப்படப் போகிறதோ அவளிடம் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. பத்தடி தூரத்தில்தான் உட்கார்ந்திருந்தாள். உள்ளே அழைத்துப்போகும்போது, "என்னைய எங்க கொண்டு போறிய?" என்றாள். அந்த வாரம் முழுக்க அவள் பேசிய ஒரே பேச்சு அது. "ஸ்கேன் எடுக்க, புஷ்பம்" என்றேன்.

அங்கே மயக்க ஊசி போடாமலே கொடுத்தார்கள். நான்கு பேர் கைகாலைப் பிடித்துக்கொண்டார்கள். கட்டில் கிடுகிடுவென்று ஆடும் சத்தம் கதவுக்கு வெளியே கேட்டது. நாக்கு கடிபட்டு இரண்டு நாள் வீங்கிக் கிடந்தது. முதுகெலும்பிலும் எங்கோ அடி. தையல் மெஷின் நாற்காலியில் அவள் எப்போதும் முதுகுக்கு ஒரு தலையணை வைத்திருப்பாளே, நீ அதைக் குதிரையாக்கி விளையாடுவாயே, அது அங்கிருந்து வந்த வலி. மறுபக்கத்தையும் நான் சொல்லியாக வேண்டும், இல்லாவிட்டால் இதுவும் ஒரு டைபாய்டு கதை ஆகிவிடும். ஐந்தாவது தடவைக்குப் பிறகு ஒரு காலையில் அவள் தானே எழுந்து உட்கார்ந்து, "ஒரு கட்டஞ்சாய கிட்டுமா?" என்று கேட்டாள். பால் விடாத சாயா வாங்க நான் கேன்டீனுக்கு ஓடினேன். வந்த அவசரத்தில் வழியிலேயே பாதியைக் கொட்டிவிட்டு, திரும்பப் போய் இன்னொன்று வாங்கி வந்தேன். அன்று சாயங்காலம் உன்னைக் கேட்டு வாங்கி மடியில் போட்டுக்கொண்டாள். அந்தப் பெட்டி இல்லாவிட்டால் அவள் பிழைத்திருக்கமாட்டாள் என்றுதான் இன்றுவரை நினைக்கிறேன். அப்படியானால் நான் செய்தது சரியா? அவளைப் பிழைக்க வைத்ததும் ஏமாற்றிக் கூட்டிப்போனதும் ஒரே நாளில், ஒரே கதவு வழியாக நடந்தவை. ஒன்றைச் சொல்லி மற்றதை அழிக்க எனக்கு வழி தெரியவில்லை.

வீட்டுக்கு வந்த பிறகுதான் அவள் நினைவில் ஒரு துண்டு காணவில்லை என்று தெரிந்தது. நீ பிறப்பதற்குக் கொஞ்சம் முன்னால் தொடங்கி ஆஸ்பத்திரியில் போய்ச் சேர்ந்தது வரை ஒன்றுமே இல்லை. உன் ஞானஸ்நானம் அதற்குள் அடங்கிப்போனது. ஆல்பத்தை மடியில் வைத்துக்கொண்டு, "இந்தச் சேலைய எனக்கு ஆரு உடுத்துவிட்டா? நான் எதுக்கு இப்பிடி மொறச்சிட்டு நிக்கேன்?" என்று கேட்பாள். அன்று உன்னைக் கையில் வைத்திருந்தது என் அக்கா, உன் மாமி. உன் அம்மை கடைசி பெஞ்சில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். போட்டோவுக்காகக் கையைப் பிடித்து இழுத்து வந்து நிறுத்தினோம். அதை எப்படி அவளிடம் சொல்வது? அதனால் ஒரு கதை செய்தேன். சர்ச்சிலிருந்து இறங்கும்போது மழை பிடித்துக்கொண்டது என்றேன். அவள் உன்னை முந்தானைக்குள் பொதிந்துகொண்டு கேட் வரைக்கும் ஓடினாள், யாரிடமும் கொடுக்கமாட்டேன் என்று அடம்பிடித்தாள் என்றேன். முதலில் சும்மா கேட்டுக்கொண்டாள். பிறகு இன்னொரு தடவை சொல்லச் சொன்னாள். பிறகு அவளே சொல்லத் தொடங்கினாள். நீ அதைக் கேட்டு வளர்ந்தாய். பள்ளிக்கூடத்தில் அம்மாவைப் பற்றி எழுதிய கட்டுரையில் அந்த மழையை எழுதி ஒரு பேனா பரிசு வாங்கி வந்தாய். மக்ளே, அந்த மழை நான் பெய்யவைத்தது.

என் வேலையில் நடந்த ஒன்றையும் சொல்ல வேண்டும், அப்போதுதான் என் முட்டாள்தனம் முழுசாகத் தெரியும். லைனில் ஏறுவதற்கு முன்னால் சப்-ஸ்டேஷனுக்குப் போன் செய்து, கரண்டை நிறுத்தச் சொல்லி 'லைன் கிளியர்' வாங்குவோம். வாங்கியவன் பெயரை அங்கே ரிஜிஸ்டரில் எழுதிக்கொள்வார்கள். வேலை முடிந்து இறங்கிய பிறகு, வாங்கியவனே தன் வாயால் திருப்பிக் கொடுத்தால்தான் மறுபடி கரண்ட் விடுவார்கள். வேறு யார் சொன்னாலும் விடக் கூடாது. ஒரு ஆனி மாதம் குலசேகரம் பக்கம் ரப்பர் மரம் லைனில் சாய்ந்துவிட்டது. என்னோடு வேலை பார்த்த தங்கையன் தன் பெயரில் லைன் கிளியர் வாங்கிக்கொண்டு தோட்டத்துக்கு உள்ளே ஏறப் போனான். நான் ரோட்டில். மாவு மில்காரரிலிருந்து பேக்கரிக்காரர் வரைக்கும் ஆள் மாற்றி ஆள் என்னைத் திட்டிக்கொண்டிருந்தார்கள். இந்நேரம் அவன் முடித்திருப்பான் என்று நானே முடிவுகட்டி, ஒரு கடைப் போனிலிருந்து கூப்பிட்டு, "வேல முடிஞ்சாச்சு, விடுங்க" என்றேன். ஆபரேட்டர், "தங்கையன் எங்க? அவனுக்க சத்தம் கேக்காம நான் விடமாட்டேன்" என்றார். "நான் சொன்னா போராதா?" என்று எகிறினேன். "போராது" என்றார். கோபத்தோடு தோட்டத்துக்குள் தேடிப் போனேன். தங்கையன் இன்னும் மேலேதான் இருந்தான், வெறும் கையால் கம்பியை முறுக்கிக்கொண்டு, ஏதோ பாட்டை முனகிக்கொண்டு. நான் அந்தச் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

இது நீ பிறப்பதற்கு இரண்டு வருடம் முன்னால் நடந்தது. அதன் பிறகு லைனில் நிற்கும் இன்னொருவனுக்காக நான் ஒருநாளும் வாய் திறந்ததில்லை. ஆனால் கரண்ட் உன் அம்மையின் தலைக்குள் போகப்போகிறது என்றபோது, அவள் சத்தத்தைக் கேட்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. கேட்காமல் விடமாட்டேன் என்று முரண்டு பிடிக்கவும் அங்கே ஆள் இல்லை.

அப்படி முரண்டு பிடிக்கும் ஒருவரை இப்போது பார்த்துவிட்டேன். மார்த்தாண்டத்தில் சனிக்கிழமைதோறும், மனசு சரியில்லாமல் போய்த் தேறியவர்கள் ஒரு ஹாலில் கூடிப் பேசுகிறார்கள். கூட்டுவது செல்வராஜ் என்ற வாத்தியார். உன் அம்மை இரண்டு வருடமாக அங்கே போய் வந்திருக்கிறாள். என்னிடம் பிளவுஸ் துணி எடுக்கப் போகிறேன் என்பாள். வீட்டில் அத்தனை துணி சேரவில்லையே என்று நான் ஒருநாளாவது யோசித்தேனா? எல்லாவற்றையும் கழற்றிப் பார்க்கும் மூளை அவ்வளவுதான். பல சனிக்கிழமையாக அவளைக் காணவில்லை என்றதும் செல்வராஜ் விசாரித்துக்கொண்டு வியாழக்கிழமை ஆஸ்பத்திரிக்கே வந்துவிட்டார். "அக்கா ஒரு தாள் எழுதி வச்சிருக்காவ. தையல் மெஷின் டிராயர்ல இருக்கும். சாட்சி நானும் போட்டிருக்கேன்" என்றார். நன்றாக இருக்கும்போதே, நாளைக்குத் தனக்கு என்ன சிகிச்சை வேண்டும், என்ன வேண்டாம், தனக்காக யார் பேச வேண்டும் என்று ஒருவர் எழுதி வைக்கலாமாம். இப்போது அதற்குச் சட்டமே இருக்கிறது என்று டாக்டரும் சொன்னார். மயக்கம் கொடுக்காமல் இந்தச் சிகிச்சை செய்யக் கூடாது என்பதும் அதே சட்டம்தான்.

செல்வராஜுக்கும் இளவயதில் கரண்ட் வைத்திருக்கிறார்கள். "வேண்டாம்னு கையெடுத்துக் கும்பிட்டேன், கேக்கல்ல. எங்க அண்ணன் ஒப்பு போட்டுக் குடுத்தாரு. செத்தாலும் எனக்கு இனி அது வேண்டாம்னு எனக்க தாள்ல எழுதியாச்சு" என்றார். அப்படியானால் புஷ்பத்தையும் வேண்டாம் என்றுதான் எழுத வைத்திருப்பீர்கள் என்றேன், கொஞ்சம் குத்தலாகத்தான். அவர் கோபப்படவில்லை. "அது எனக்க தாளு, இது அக்காவுக்க தாளு. நான் சொல்லதத்தான் அவ எழுதணும்னா, எனக்கும் எங்க அண்ணனுக்கும் என்ன வித்தியாசம் சார்?" என்றார். அந்த மனிதரை உட்கார வைத்து இன்னும் நூறு கேள்வி கேட்க வேண்டும்போல இருந்தது.

டாக்டரிடமும் கேட்டேன். இந்தத் தடவை வோல்ட் கேட்கவில்லை. இது எப்படி வேலை செய்கிறது என்றேன். "ஏன்னு முழுசா யாருக்கும் தெரியாது சார். நிறைய பேருக்கு வேலை செய்யுதுன்னு தெரியும். சிலருக்கு ஞாபகம் போகுதுன்னும் தெரியும். இவங்களுக்கு எவ்வளவு போகும், எது திரும்பி வரும்னு நான் முன்கூட்டி சொல்ல முடியாது" என்றார். ஃபியூஸ் போனால் கம்பி அப்படியே இருக்கும், மாற்றினால் லைட் எரியும். நினைவு போவதும் அப்படியா, இல்லை கம்பியே அறுந்துவிடுகிறதா என்று கேட்டேன். "எனக்கும் தெரிஞ்சுக்கணும்னு இருக்கு" என்றார். தெரியாது என்று சொல்லும் டாக்டரை நான் அன்றைக்கும் தேடியிருக்க வேண்டும்.

குலசேகரம் பஸ் ஏறி வீட்டுக்குப் போய் டிராயரைத் திறந்தேன். பாபினுக்கும் ஊக்கு டப்பாவுக்கும் அடியில் நான்காக மடித்து இருந்தது. அளவு நோட்டில் எழுதும் அதே முத்து முத்தான எழுத்து. அப்படியே எழுதுகிறேன், படி:

"எனக்கு மறுபடியும் அப்படி ஆகி, மாத்திரையில் தேறாவிட்டால், கரண்ட் கொடுக்கலாம். மயக்க ஊசி போட்டுத்தான் கொடுக்க வேண்டும். நான் பேசாவிட்டாலும் எனக்குக் காது கேட்கும். என்ன செய்யப்போகிறீர்கள் என்று ஒவ்வொரு தடவையும் காதில் சொல்ல வேண்டும். ஸ்கேன் என்று சொல்லக் கூடாது. வேண்டாம் என்று தலையாட்டினால் அன்றைக்கு நிறுத்திவிட வேண்டும். எனக்கு மறந்துபோவதை யாரும் கதை கட்டி நிரப்பக் கூடாது. அன்றன்று நடந்ததை நடந்தபடி ஒரு நோட்டில் எழுதி வைத்தால் போதும். எனக்காகப் பேச என் மகனை நியமிக்கிறேன். என் வீட்டுக்காரர் என்மேல் உயிரையே வைத்திருக்கிறார். ஆனால் என் மகனுடைய ஞானஸ்நானத்தன்று மழை பெய்யவில்லை. போட்டோவில் எல்லாருடைய நிழலும் தரையில் விழுந்து கிடக்கிறது."

ஆல்பத்தை எடுத்துப் பார்த்தேன். பளீர் வெயில். என் நிழல், மாமியின் நிழல், உன்னைப் பொதிந்த துணியின் நிழல், எல்லாம் காலடியில் கிடக்கின்றன. எனக்கு வெட்கமாக இருந்தது. என் பெயரை அவள் எழுதவில்லை என்பது வலிக்கவும் செய்தது, அதை மறைக்கமாட்டேன். எப்போதிலிருந்து அவளுக்குத் தெரியும்? தெரிந்தபிறகும் எத்தனை வருடம் அந்த மழையை உனக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள்? உனக்காகவா, இல்லை நான் சங்கடப்படக் கூடாது என்று எனக்காகவா? அவள் தேறி எழுந்தால் முதலில் அதைத்தான் கேட்க வேண்டும் என்றிருக்கிறேன்.

நீ செய்ய வேண்டியது இதுதான். அவளுக்காகப் பேச உனக்குச் சம்மதம் என்று நீ எழுதித் தர வேண்டும். பிடிக்கவில்லை என்றால் மறுக்கலாம், அதற்கும் வேறு வழி இருக்கிறது என்றார் டாக்டர். சம்மதித்தால் டாக்டரிடம் எல்லாக் கேள்வியும் கேள். ஆனால் வீடியோவைப் பார்த்த பயத்தில் முடிவெடுக்காதே, என் அழுகையைக் கேட்டும் முடிவெடுக்காதே. அவளுக்கு என்ன வேண்டும் என்று அவள் எழுதியாயிற்று. அது எழுதியபடி நடக்கிறதா என்று பார்ப்பதும், அவள் தலையாட்டினால் நிறுத்து என்று சத்தம் போடுவதும் உன் வேலை. ஆஸ்பத்திரிக்காரர்கள் முகம் சுளித்தாலும் சரி, நானே உன் கையைப் பிடித்து இழுத்தாலும் சரி.

நேற்று காலை ஒரு நோட்டு வாங்கினேன். முதல் பக்கத்தில் எழுதினேன்: "வெள்ளிக்கிழமை. நல்ல வெயில். நீ நான்கு ஸ்பூன் கஞ்சித்தண்ணி குடித்தாய், ஐந்தாவதைத் துப்பினாய். உன் மகன் போனில் கத்தினான், மறுநாள் அழுதான். உன் தாளைப் படித்துவிட்டேன். அன்றைக்கு உன்னை ஸ்கேனுக்குக் கூட்டிப்போகவில்லை. கரண்ட் வைக்கக் கூட்டிப்போனேன். மழையும் பொய்தான்." அதை அவள் காதோரம் குனிந்து படித்தேன். டாக்டர் இப்போது என்ன செய்யலாம் என்கிறார் என்பதையும் அதன் பெயரைச் சொல்லியே சொன்னேன். கண் மூடியே இருந்தது. நோட்டை மூடிவிட்டு எழுந்தேன். உதடு அசைந்தது.

"அவன் வாறானா?"

பதில் நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது மக்ளே. ஞாயிற்றுக்கிழமை வாறான், டிக்கெட் எடுத்தாச்சு, உனக்குத் தைலமும் ஈச்சம்பழமும் வாங்கி வச்சிருக்கான் என்று எல்லாம் தயாராக இருந்தது. விழுங்கினேன். "தெரியல்ல புஷ்பம். கேட்டுச் சொல்லுகேன்" என்றேன். சரி என்பதுபோல் தலையை ஒருமுறை அசைத்தாள்.

அதனால் கேட்கிறேன். வருவாயா? முடியாது என்றால் முடியாது என்றே எழுது. நீ எழுதியதை எழுதியபடியே அவளுக்குப் படித்துக் காட்டுகிறேன்.

அப்பா